2005இல் வந்த அப்பாச்சி நூலை இன்று வாங்கலாமா?

கேள்வி:
வணக்கம். சிறிய நிறுவனம் ஒன்றில் வழங்கிகளைப் பராமரிக்கிறேன். சென்ற வாரம், ஒரு கோப்புறையை வெளியார் திறக்காதபடி தடுப்பதற்காக, பழைய நூல் ஒன்றில் இருந்த ‘ஆர்டர்’, ‘அலவ்’, ‘டினை’ வரிகளை அப்படியே எடுத்து எழுதினேன். ‘ஆர்டர்’ என்ற கட்டளையே தனக்குத் தெரியாது என்று கூறி, வலைத்தளங்களை வழங்கும் மென்பொருளான அப்பாச்சி இயங்க மறுத்துவிட்டது. 2.4 பதிப்பில் அவற்றுக்குப் பதிலாக ‘ரிக்வயர்’ வந்துவிட்டது என்பதைக் கண்டுபிடிக்க நள்ளிரவாகிவிட்டது. இவான் ரிஸ்டிச் எழுதிய ‘அப்பாச்சி செக்யூரிட்டி’ நூலைச் சிலர் பரிந்துரைக்கிறார்கள். அது 2005இல் வெளிவந்தது. இன்று அதற்குச் செலவு செய்வது தகுமா?

மறுமொழி 1:
கட்டளை வரிகளுக்காக என்றால் வேண்டாம். அப்பாச்சி 2.4 வந்ததே 2012இல்தான். ஆனால் ரிஸ்டிச் வெறும் நூலாசிரியர் அல்லர். அப்பாச்சிக்குள் அமர்ந்து, வரும் கோரிக்கைகளைச் சோதித்துத் தாக்குதல்களைத் தடுக்கும் மாட்செக்யூரிட்டியை 2002இல் எழுதியவர். அதனால்தான் அவர் ஒரு வசதியை முடக்கச் சொல்லும்போது, அது திறந்திருந்தால் தாக்குபவர் எந்த வழியாக நுழைவார் என்பதையும் சேர்த்தே சொல்கிறார். வழங்கி பிற கோப்புகளைத் தொட முடியாதபடி அதைத் தனிச் சிறைக்குள் அடைத்து இயக்கும் பகுதியை நான் இன்றும் எடுத்துப் படிக்கிறேன். செயலிகளைத் தனித்தனியே அடைத்து இயக்கும் கொள்கலன்களின் காலத்திலும் அந்தச் சிந்தனை அப்படியே பொருந்துகிறது.

மறுமொழி 2:
மேலே நண்பர் கூறியதை ஏற்கிறேன். ஆயினும் ஒரே நூல்தான் வாங்க முடியும் என்றால், உலாவிக்கும் தளத்துக்கும் இடையிலான தொடர்பைக் குறியாக்கும் டிஎல்எஸ் நெறிமுறை பற்றி அவர் எழுதிய நூலையே வாங்குங்கள். ஒரு தளத்தின் பெயரைக் கொடுத்தால் அதன் குறியாக்க அமைப்பைச் சோதித்து மதிப்பெண் தரும் எஸ்எஸ்எல் லேப்ஸை 2009இல் தொடங்கியவரும் அவரே; நம்மைப் போன்றோர் எங்கெங்கே தவறுகிறோம் என்பதை அவர் அளவுக்குப் பார்த்தவர் குறைவு.

அந்த நூலின் முதல் பதிப்பு வந்த 2014ஆம் ஆண்டையே எண்ணிப் பாருங்கள். ஏப்ரலில், டிஎல்எஸ்ஸைச் செயல்படுத்தும் ஓப்பன்எஸ்எஸ்எல் மென்பொருளில் ஹார்ட்பிளீட் என்ற ஓட்டை வெளிப்பட்டது. அனுப்புவது ஓரிரு எழுத்தாக இருந்தாலும் 64 கிலோபைட் வரை திருப்பிக் கேட்கலாம்; ஓப்பன்எஸ்எஸ்எல் நீளத்தைச் சரிபாராமல் நினைவகத்தில் இருப்பதை அள்ளிக் கொடுத்துவிடும். அக்டோபரில் வந்த பூடில் என்ற தாக்குதல், டிஎல்எஸ்ஸின் முன்னோடியான எஸ்எஸ்எல் 3க்கு முடிவுகட்டியது. இத்தகைய துறையில் ஒருமுறை அச்சிட்டுவிட்டு ஒதுங்கிவிட முடியாது. ரிஸ்டிச் ஃபீஸ்டி டக் என்ற சொந்தப் பதிப்பகத்தின் வழியாக, மென்பொருளைப் பராமரிப்பது போலவே நூலையும் திருத்தி வந்தார். 2022இல் வந்த இரண்டாம் பதிப்பில், 2018இல் வரையறுக்கப்பட்ட டிஎல்எஸ் 1.3க்கும் உரிய இடம் உண்டு.

இன்னொன்று: எந்த நூலிலிருந்து எடுத்தாலும், மறுதொடக்கம் செய்யும் முன் ‘அப்பாச்சிசிடிஎல் கான்ஃபிக்டெஸ்ட்’ ஓட்டிவிடுங்கள். தவறு எந்த வரியில் என்று அதுவே காட்டிவிடும். ஓடிக்கொண்டிருக்கும் வழங்கியும் நிற்காது.

கேட்டவர்:
இருவருக்கும் மிக்க நன்றி. 2022 பதிப்பையே வாங்குகிறேன். அந்தச் சோதனைக் கட்டளையை இன்று காலை ஓட்டிப் பார்த்தேன்; வேறொரு கோப்பிலும் பழைய ‘ஆர்டர்’ வரி ஒன்று ஒளிந்திருந்தது.