'காலத்தேக்கப் புலம்' என்னும் பரிந்துரை

வணக்கம்.

அறிவியல் புனைகதைகளில் ஓர் இடத்துக்குள் மட்டும் காலத்தை மெதுவாக்கும் அல்லது நிறுத்தும் 'ஸ்டேசிஸ் ஃபீல்டு' என்னும் கற்பனைத் தொழில்நுட்பத்துக்கு மோல்மீன் நகர நண்பர் முன்வைத்த 'கால உறைவுப் புலம்' கேட்டவுடன் விளங்குகிறது என்பதை மறுக்கவில்லை. ஆயினும் அதை ஏற்பதில் எனக்குத் தயக்கம் உண்டு. 'உறைவு' என்றதும் குளிர்தான் முன்னால் வந்து நிற்கிறது. உயிரணுக்களைத் திரவ நைட்ரசனில், சுழியத்துக்குக் கீழ் 196 பாகை செல்சியசில் வைத்துக் காப்பது உண்மையிலேயே வழக்கில் உள்ள முறை. அங்கே நிற்பவை வேதிவினைகளே, குப்பிக்குள்ளும் காலம் வழக்கம்போலவே ஓடுகிறது. புனைகதைக் கருவியோ காலத்தையே பிடித்து வைக்கிறது. உள்ளே இருப்பவரின் நாடியும் கைக்கடிகாரமும் எண்ணமும் ஒருசேரத் தாழ்வதால், தாம் மெதுவாகிவிட்டோம் என்பதை அவர் உணரவே வழியில்லை. இவ்விரண்டையும் ஒரே சொல்லால் குறித்தால், பின்னர் ஒரே கதையில் இரண்டும் வரும்போது மொழிபெயர்ப்பாளர் திண்டாடுவார்.

என் பரிந்துரை 'காலத்தேக்கப் புலம்'. மின்புலம், காந்தப்புலம் என்பவற்றில் புலம் ஏற்கெனவே நிலைபெற்றுவிட்டதால் அதைப் பற்றி வாதம் தேவையில்லை. 'தேக்கம்' என்பதை நான் விரும்புவதற்கு முதன்மைக் காரணம் அதன் வினைகள். தேங்கு, தேக்கு என்று தன்வினையும் பிறவினையும் இயல்பாகவே இணைந்து கிடைக்கின்றன: அறைக்குள் காலம் தேங்கியது, பொறி காலத்தைத் தேக்கியது. 'உறை' என்பதில் இந்த வசதி இல்லை. 'உறையச் செய்தது' என்று துணைவினையைச் சேர்க்க வேண்டியிருக்கிறது, தங்குதல் என்னும் பழம்பொருளும் உடன் வந்து ஒட்டிக்கொள்கிறது. 'நிறுத்தம்' என்றால் முழுமையாக நிற்பது மட்டுமே அடங்கும். மெதுவாவது வெளியே போய்விடும். (தேக்கு மரத்துக்குப் பெயர்போன மியான்மரில் வாழும் நாம் 'காலத்தேக்கு' என்று சுருக்கினால் பிள்ளைகள் அதை மரத்தின் பெயராகவே படிப்பார்கள், ஈற்றில் 'அம்' இருந்தே ஆக வேண்டும்.)

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. ஆங்கிலேயர் நீர்த்தேக்கமாக உருவாக்கிய நம் யாங்கோன் இன்யா ஏரியில் நீர் சேர்ந்தது, சேர்ந்ததைப் பின்னர் திறந்துவிட முடிந்தது. ஆனால் புனைகதைப் புலத்துக்குள் காலம் சேர்வதுமில்லை, புலத்தை அணைத்ததும் அது வெள்ளமாகப் பாய்வதுமில்லை. இது சரியான மறுப்பே. எனினும் 'போக்குவரத்துத் தேக்கம்', 'வேலை தேங்கிவிட்டது' என்னும் வழக்குகளில் ஓட்டம் தளர்வதே முன்னிற்கிறது. நமக்கு வேண்டியதும் அப்பொருளே. ஆனால் இம்மறுப்பின் பொருட்டு ஒன்றை விட்டுக்கொடுக்கிறேன். மின்தேக்கி மின்னூட்டத்தைச் சேமித்து வைப்பதால், அதன் வழியில் 'காலத்தேக்கி' என்று கருவிக்குப் பெயரிட்டால் காலத்தைச் சேமிக்கும் கருவி என்று தவறாகக் கொள்ள நேரும். 'காலத்தேக்கப் பொறி' நீளமானாலும் பிழையற்றது.

'நேரத்தேக்கம்' என்று ஏன் சொல்லக்கூடாது என்று கேட்டவருக்கு நம் நாட்டு வரலாற்றிலிருந்தே விடை சொல்லலாம். 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் இங்குள்ள கடிகாரங்கள் இரண்டரை மணி முன்னே நகர்த்தப்பட்டு தோக்கியோ நேரத்தைக் காட்டின. ஆணையால் நேரம் மாறியதே தவிர, காலத்தின் ஓட்டம் இம்மியும் மாறவில்லை. புலம் தொடுவது ஓட்டத்தை, ஆகவே காலம்தான்.

பழஞ்சொல்லான 'தம்பனம்' எனக்கும் பிடித்ததே. நீர்த்தம்பனம், அக்கினித்தம்பனம் என்று இயக்கத்தைக் கட்டிப்போடும் பொருளில் அது வழங்கியிருக்கிறது. ஆனால் தீமிதி நடக்கும் ஊர்களில் வளர்ந்த வாசகர் அதைக் கண்டதும் மந்திரத்தையே நினைப்பார், பொறியியலை நினைக்க மாட்டார். மாயக் கதை எழுதுவோர் அதை வைத்துக்கொள்ளட்டும்.

'காலவிரிவு' என்பதை இதற்குள் இழுக்க வேண்டாம். வேகத்தாலும் ஈர்ப்பாலும் கடிகாரங்களின் ஓட்டம் வேறுபடுவதைக் குறிக்கும் அது, ஐன்ஸ்டைனின் 1905, 1915ஆம் ஆண்டுச் சார்பியல் கோட்பாடுகளிலிருந்து வந்த, 1971இல் அணுக்கடிகாரங்களை விமானங்களில் உலகைச் சுற்றிக் கொண்டுசென்று சோதித்த மெய்யான விளைவு. புவியிடங்காட்டி (ஜிபிஎஸ்) செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரைக்கடிகாரங்களைவிட நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோநொடி முந்துவதும் அதனால்தான். கற்பனைக்கு அச்சொல்லைக் கொடுத்துவிட்டால் இயற்பியலுக்கு வேறு சொல் தேட வேண்டியிருக்கும்.

அளவைக் குறிக்க 'தேக்க விகிதம்' போதும்: வெளியே ஓராண்டு கழிகையில் உள்ளே ஒரு நாளே கழிந்தால் விகிதம் 365. காலம் அறவே நின்றுபோகும் நிலையில் விகிதத்துக்கு எல்லையே இல்லாமல் போவதால் அதற்குத் தனிப்பெயர் வேண்டும். 'முற்றுத்தேக்கம்' என்று இப்போதைக்கு எழுதி வைத்திருக்கிறேன். மறுப்பு எழுதுவோர் அதிலிருந்தே தொடங்கலாம். 'முற்று' என்பதை முடிந்துபோன தேக்கம் என்று ஒருவர் படிக்கக்கூடும் என்னும் ஐயம் எனக்கே இருக்கிறது.