ஒலி மந்திரக் குருகுலம்: கட்டடம் எப்படி, விதிகள் எப்படி?

முழக்கூடம்
ஒரு கற்பனைத் தொடருக்காக ஒலி மந்திரம் கற்றுத்தரும் குருகுலம் ஒன்றை வடிவமைக்கிறேன். 200 மாணவர்கள். கோல், மருந்து, தாயத்து எதுவும் கிடையாது; குரலும் வாத்தியமும் மட்டும்தான். பெரிய மண்டபம் 30 மீட்டர் நீளம், 20 அகலம், 10 உயரம், முழுக்கக் கல். மந்திரம் சொல்ல அது சரிப்படுமா? பயிற்சி அறைகள் வரிசையாக ஒட்டி ஒட்டி இருக்கின்றன. ஒருத்தியின் மந்திரம் பக்கத்து அறையில் பலிக்காமல் தடுப்பது எப்படி? நாயகி குரலாலேயே ஒரு கதவை உடைத்து வெளியேற வேண்டும். தண்டனை அறையில் யார் குரலும் எடுபடக் கூடாது. "மந்திரம்தானே, எப்படி வேண்டுமானாலும் எழுதலாம்" என்ற பதில் மட்டும் வேண்டாம்.

கல்தூண்
மண்டபத்தைக் கணக்குப் போட்டுப் பாருங்கள், கதை அங்கேயே கிடைக்கும். எதிர்முழக்க நேரத்துக்கு (எழுந்த ஒலி சுவர்களில் மோதி மோதி அடங்கும்வரை ஆகும் நேரம்) சபைன் சூத்திரம்: கன அளவை 0.161-ஆல் பெருக்கி, ஒலியை விழுங்கும் மொத்தப் பரப்பால் வகுக்க வேண்டும். உங்கள் மண்டபம் 6,000 கன மீட்டர். சுவர், தரை, கூரை சேர்த்து 2,200 சதுர மீட்டர். வழவழப்பான கல் தன்மேல் விழும் ஒலியில் சுமார் 2 சதவீதத்தைத்தான் விழுங்கும், ஆக விழுங்கும் பரப்பு 44 சதுர மீட்டர். விடை ஏறக்குறைய 22 விநாடி. (உச்ச ஸ்தாயியில் காற்றே கொஞ்சம் தின்றுவிடும், அங்கே இன்னும் குறையும்.) 200 பேர் வந்து உட்கார்ந்தால் ஆளுக்கு அரைச் சதுர மீட்டர் விழுங்கும் பரப்பு கூடும்; நேரம் 7 விநாடிக்குக் கீழே இறங்கிவிடும்.

பேச்சு தெளிவாகக் கேட்க 1 விநாடி போல இருந்தால்தான் நல்லது. எனவே மளமளவென்று அசை அசையாக உச்சரிக்கும் மந்திரம் இங்கே எடுபடாது. ஓர் அசை அடங்கும் முன்பே அடுத்தது மேலே ஏறிக் குழம்பிவிடும். நீண்ட கார்வைதான் (ஒரே சுரத்தை இழுத்து நிறுத்துவது) பலிக்கும். கூட்டம் நிறைந்திருந்தபோது கற்றுக்கொண்ட மந்திரத்தைக் காலி மண்டபத்தில் சொன்னால், முதல் வரி இன்னும் சுற்றிக்கொண்டிருக்கும்போதே மூன்றாம் வரி வந்து அதில் மோதும். வில்லன் தேவையென்றால் அவனுக்கும் வழி உண்டு: மடிப்பு மடிப்பாகத் தொங்கும் கனத்த திரை 200 சதுர மீட்டர் இருந்தால் அது ஏறத்தாழ 200 ஆளுக்குச் சமம். தேர்வுக்கு முந்தின இரவு அதை அவிழ்த்துவிட்டால் போதும், ஒருவர் மந்திரமும் வழக்கம்போல் நிற்காது.

கதவிடுக்கு
பயிற்சி அறைக்கு வருகிறேன். எல்லோரும் சுவரைப் பற்றித்தான் யோசிப்பார்கள். ஒலி போவது கதவடியில். 1 மீட்டர் அகலம், 2 மீட்டர் உயரக் கதவுக்கு அடியில் 2 சென்டிமீட்டர் சந்து என்றால் அது பரப்பில் 1 சதவீதம். கதவு எவ்வளவு தடிமனாக இருந்தாலும் அந்தச் சந்து வழியே கசிவது 20 டெசிபலுக்கு (ஒலி வலிமையின் அலகு) மேல் குறையாது. வாசற்படியைக் கொஞ்சம் உயர்த்தி, நாலு பக்கமும் கம்பளிப் பட்டையோ தோலோ வைத்து இறுக்க வேண்டும். அதைவிட நல்லது இரண்டு கதவு, நடுவில் ஒரு சின்ன இடைகழி.

சுவரின் எடையை இரண்டு மடங்காக்கினாலும் கிடைப்பது 6 டெசிபல்தான். அதற்குப் பதில் இரண்டு சுவர், நடுவில் இடைவெளி. இரண்டையும் பிணைத்து ஒரே ஒரு செங்கல் நின்றாலும் அதிர்வு அது வழியே பாலம் போட்டுக்கொள்ளும். கட்டடத்தில் கோளாறு வைக்க நினைத்தால் அந்தச் செங்கல்லை வைத்துக்கொள்ளுங்கள். எதிரெதிர்ச் சுவர்களை நேர் இணையாக எழுப்பவும் வேண்டாம். கைதட்டினால் 'டர்ர்ர்' என்று ஒலி இரண்டுக்கும் நடுவே எகிறும். ஒன்றைச் சில பாகை சாய்த்துவிடுங்கள்.

நாலரைக்கட்டை
மரக்கதவைக் குரலால் உடைக்க முடியாது என்று வைத்துக்கொள்ளுங்கள், கதைக்கு அதுதான் வலு. சுண்டினால் கணீரென்று நின்று ஒலிப்பதுதான் ஒத்ததிர்வுக்கு (தன் சுருதியிலேயே ஒலி வந்து பட்டால் தானும் பலமாக அதிர்வது) இணங்கும். 'தொப்' என்று அடங்குவது இணங்காது. மெல்லிய கண்ணாடிக் கோப்பை உடைவதும் மரம் அசையாமல் நிற்பதும் இதனால்தான்.

ஆகவே கதவை விடுங்கள், பூட்டின் நாக்கை மணி வெண்கலத்தில் செய்யுங்கள். வெள்ளீயம் அதிகம் கலந்த வெண்கலம் நன்றாக ஒலிக்கும், நொறுங்கவும் செய்யும். முழுவதையும் மரத்தில் இறுக்கினால் ஒலி செத்துவிடும். ஒரு முனையை மட்டும் பிடித்து மற்றதைத் தொங்கலாக விட வேண்டும். நாயகி நகத்தால் சுண்டுகிறாள், காதை வைத்துச் சுருதியைப் பிடிக்கிறாள், மெல்ல முனகிச் சரிபார்க்கிறாள், பிறகு ஒரு சாண் தூரத்தில் வாயை வைத்து முழுக்குரலில் நிறுத்துகிறாள். கமகம், அதாவது சுரத்தை அசைத்துப் பாடுவது, கூடவே கூடாது. ஓரிரு ஹெர்ட்ஸ் (விநாடிக்கு இத்தனை அதிர்வு என்ற கணக்கு) விலகினாலே சேர்ந்த அதிர்வு கரைந்துவிடும். பாடத்தில் கமகத்துக்குப் பேர்போனவள் இங்கே அதை அடக்கியாக வேண்டும் என்று எழுதினால் காட்சி நிற்கும். காவல்காரனுக்கு இதைத் தடுக்க ஒரு ஈரத்துணி போதும். நாக்கில் சுற்றிவிட்டால் தீர்ந்தது.

முழக்கூடம்
பூட்டின் நாக்கு அருமை, எடுத்துக்கொள்கிறேன். தண்டனை அறைக்குச் சுவர் முழுக்கப் பஞ்சு அடைத்தால் போதுமா?

அடிக்குரல்
எத்தனை தடிமன் என்பதைப் பொறுத்தது. ஒலியை நன்றாக விழுங்கப் பஞ்சு அலைநீளத்தில் கால் பங்காவது இருக்க வேண்டும். 10 சென்டிமீட்டர் பஞ்சு 850 ஹெர்ட்ஸுக்கு மேலே நன்றாக வேலை செய்யும். கீழே போகப்போகக் கைவிட்டுவிடும். 100 ஹெர்ட்ஸில் பாடும் கனத்த குரலுக்கு 85 சென்டிமீட்டர் வேண்டும். கீச்சுக் குரல்காரர்கள் அந்த அறையில் ஊமை, அடித்தொண்டைக்காரன் மட்டும் தப்புவான்.

எதிர் அலை மந்திரம் வைத்து, அதாவது குரலுக்கு நேர் எதிராக அசையும் ஒலியை எழுப்பி, குரலை அழிக்கலாம் என்று யாராவது சொல்வார்கள். அதற்கு நேர் எதிரான குறை: அமைதி நிலைக்கும் இடம் அலைநீளத்தில் பத்தில் ஒரு பங்கு அளவுதான். 100 ஹெர்ட்ஸுக்கு 34 சென்டிமீட்டர், ஒரு தலை அடங்கும். 1,000 ஹெர்ட்ஸுக்கு வெறும் 3.4. கைதி தலையைத் திருப்பினாலே வெளியே வந்துவிடுவான். மேல் ஸ்தாயிக்குப் பஞ்சு, கீழ் ஸ்தாயிக்கு எதிர் அலை என்று இரண்டையும் சேர்த்தால் அறை பூட்டியதாகும்.

வெளித்திண்ணை
மேலே சொன்ன எண்களைக் கதையில் அப்படியே கொட்டிவிடாதீர்கள், வாசகர் ஓடிவிடுவார். எண்கள் உங்கள் குறிப்பேட்டில் இருக்கட்டும்.

யாரும் தொடாத ஒன்று, கூட்டு மந்திரம். ஒலி விநாடிக்கு 340 மீட்டர் போல ஓடும். உங்கள் 30 மீட்டர் மண்டபத்தில் முன்வரிசைக் குரல் கடைசி வரிசையை அடைய ஏறக்குறைய 0.09 விநாடி. காதால் கேட்டுச் சேர்ந்துகொண்டால் பின்வரிசை எப்போதும் பிந்தியே நிற்கும். ஆசிரியரின் கையசைவைப் பார்த்துத்தான் தொடங்க வேண்டும், எனவே இருட்டில் கூட்டு மந்திரம் பலிக்காது. வெயில் ஏறினால் இன்னொரு தொல்லை: காற்று 10 பாகை சூடானால் குழலின் சுருதி அரைச்சுரத்தில் மூன்றில் ஒரு பங்கு போல ஏறும், யாழின் உலோகத் தந்தியோ நீண்டு தளர்ந்து இறங்கும். விடியலில் சேர்த்த சுருதியை நண்பகலில் மறுபடி சேர்க்காமல் தொடங்கினால் இரண்டும் ஒன்றையொன்று அடிக்கும்.