'டைவிங் ஹெட்டர்': பாய்முட்டு எனலாமா?

வணக்கம்.

டச்சுக் கால்பந்தாட்டக்காரர் பெப் பக்ஹைஸ் பற்றி நாம் தமிழில் எழுதும் கட்டுரையின் வரைவைப் படித்தேன். நாம் எல்லோரும் 'டைவிங் ஹெட்டர்', அதாவது பாய்ந்து தலையால் பந்தை முட்டுவது, என்பதற்குத் தமிழ்ச் சொல் கிடைக்காமல்தான் நிற்கிறோம். ஆங்கிலத்திலேயே விட்டுவிடலாம் என்று ஒரு நண்பர் எழுதியிருந்தார். மனம் ஒப்பவில்லை. இந்த ஆட்டக்காரரின் கதையே அந்தச் சொல்லில்தான் இருக்கிறது.

1934 மார்ச் 11, ஆம்ஸ்டர்டாம். பெல்ஜியத்தை நெதர்லாந்து 9-3 என்று வென்ற ஆட்டம். அன்று பக்ஹைஸ் கிடையாகப் பாய்ந்து தலையால் முட்டிப் போட்ட கோலுக்குப் பிறகு, அப்படி முட்டுவதற்கு அவர் பெயரையே டச்சுக்காரர்கள் வைத்துவிட்டார்கள். அவர்களுக்கு ஒரு பெயர் போதும். நமக்கு அந்தச் செயலைச் சொல்லும் சொல் வேண்டும்.

இதுவரை வந்த யோசனைகளில் 'பறக்கும் தலையடி' எனக்கு ஒத்துவரவில்லை. தலையடி என்றால் தலையில் அடிபட்டதாகத்தான் படிப்பவர் நினைப்பார். 'மூழ்குமுட்டு' இன்னும் தள்ளி நிற்கிறது, அங்கே தண்ணீரே இல்லையே. நம் நாளிதழ்கள் வெகுகாலமாக 'தலையால் முட்டி கோல் அடித்தார்' என்றுதான் எழுதுகின்றன. 'முட்டு' என்ற சொல் கையிலேயே இருக்கிறது, முன்னால் வர வேண்டியதைத்தான் தேட வேண்டும்.

பந்து இடுப்பு உயரத்தில் வருகிறது. காலால் உதைக்க அது மேலே, நின்றபடி முட்டக் கீழே. ஆட்டக்காரர் தரையை விட்டு உடம்பை முன்னால் எறிகிறார், நெற்றி பந்தில் படுகிறது, அப்புறம் நெஞ்சும் வயிறும் புல்லில் தேய விழுகிறார். இதைத் தாவல் என்று சொல்ல முடியாது, தாவினால் மேலே போவோம். இது பாய்ச்சல். 'மாடு பாயுது, தள்ளிப் போ' என்று ஊரில் சொல்லும்போது தலையைத் தாழ்த்தி முட்ட வருவதைத்தானே சொல்கிறோம்? பாய்ச்சலுக்குள்ளேயே தலை இருக்கிறது.

அதனால் பெயர்ச்சொல்லாக 'பாய்முட்டு', வினையாக 'பாய்ந்து முட்டினார்'. படுக்கிற பாய் நினைவுக்கு வரும் என்று அம்மா ஒருவர் சொன்னது நியாயமான கவலை. முதல் முறை வரும் இடத்தில் வினையை எழுதி, அடுத்த வரியில் பெயர்ச்சொல்லைக் கொண்டுவந்தால் குழப்பம் வராது.

இன்னொன்றையும் கட்டாயம் மாற்ற வேண்டும். வரைவில் 'அமெச்சூர்' என்பதைக் 'கற்றுக்குட்டி' ஆக்கியிருக்கிறோம். 23 பன்னாட்டு ஆட்டங்களில் 28 கோல் போட்டவரை அப்படிச் சொல்வது பெரிய அநீதி. அங்கே பேச்சு திறமையைப் பற்றியதல்ல, பணத்தைப் பற்றியது. ஜாவாவின் பெக்கலோங்கானில் 1909இல் பிறந்த பக்ஹைஸ், 1937இல் பிரான்சின் மெட்ஸ் அணியில் ஊதியத்துக்கு ஆடப் போனார். டச்சுத் தேசிய அணியின் கதவு அதோடு மூடிக்கொண்டது. அடுத்த ஆண்டு உலகக் கோப்பைக்கு அந்த அணி அவரில்லாமல்தான் போனது. சம்பளம் வாங்கி ஆடுவதை நெதர்லாந்து ஏற்றுக்கொண்டது 1954இல்தான். ஆகவே 'ஊதியம் பெறாத ஆட்டக்காரர்' என்றே எழுதுவோம். நீளம்தான், ஆனால் அவர் இழந்தது எதனால் என்பது அதில்தான் புரியும்.

மறுப்பு இருந்தால் சொல்லுங்கள். இல்லையென்றால் வரைவில் இரண்டு இடங்களையும் நானே திருத்திவிடுகிறேன்.