புதுப்பெருவழி: ஷின்கான்சென்னுக்கு ஒரு தமிழ்ச்சொல்

பொருள்: மறு: ஷின்கான்சென் – தமிழில் என்ன சொல்வது?

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம்.

இந்த இழையில் இதுவரை "அதிவேக ரயில்", "அதிவிரைவுத் தொடர்வண்டி", "தோட்டா ரயில்", "மின்னல் வண்டி" என்று சொற்கள் வரிசையாக வந்துவிட்டன. எல்லாமே வண்டிக்குப் பெயர் வைக்கின்றன. ஆனால் ஜப்பானில் அதிவேக வண்டிகள் ஓடும் ஷின்கான்சென் என்பது பாதையின் பெயர். 'ஷின்' என்றால் புதிய. 'கான்' என்றால் அடிமரம். 'சென்' என்றால் கோடு, தடம். கிளைகளெல்லாம் வந்து சேரும் அடிமரம் போன்ற புதிய தடம் என்பதுதான் பொருள். வேகம் என்ற சொல் அதில் எங்குமே இல்லை.

இது தற்செயல் இல்லை. 1950-களில் டோக்கியோவையும் ஒசாகாவையும் இணைத்த டோக்கைடோ ரயில் பாதை நிரம்பி வழிந்தது. ஜப்பானின் பெரும்பாலான பாதைகளைப் போல அதுவும் 1067 மில்லிமீட்டர் அகலமுள்ள குறுகிய பாதை. அதன் பக்கத்திலேயே இன்னும் இரண்டு தடங்கள் போடலாமா, குறுகிய அகலத்திலேயே வேறு வழியில் ஒன்று போடலாமா, அல்லது 1435 மில்லிமீட்டர் அகலத்தில் முற்றிலும் தனியாகப் போடலாமா என்று வாதம் நடந்தது. அன்றைய தேசிய ரயில்வேயின் தலைவர் சோகோ ஷின்ஜியும் தலைமைப் பொறியாளர் ஷிமா ஹிதேயோவும் மூன்றாவதைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். உலக வங்கி 1961-ல் 8 கோடி டாலர் கடன் கொடுத்தது. செலவு கணக்கை மீறிப் போனதில் இருவரும் 1963-ல் பதவி விலகினார்கள். 1964 அக்டோபர் 1 அன்று பாதை திறந்தது. ஆக, சிக்கல் நெரிசல், தீர்வு தனிப்பாதை. லெவல் கிராசிங் கிடையாது, சரக்கு வண்டியின் பின்னால் காத்திருக்க வேண்டியதில்லை, வளைவுகளும் பெரியவை. வேகம் இதன் விளைவாகத்தான் கிடைத்தது. விளைவை வைத்துப் பெயரிட்டால் காரணம் காணாமல் போய்விடும்.

> இழையில் ஒருவர் எழுதியது: "புல்லட் ரயில்" ஆங்கிலேயர்கள் ஒட்டிய பட்டப்பெயர், அதைத் தூக்கி எறியலாம்.

எறியலாம், ஆனால் இந்தக் காரணத்துக்காக வேண்டாம். அந்தப் பெயரும் ஜப்பானியருடையதுதான். டோக்கியோவிலிருந்து ஷிமோனோசெகி வரை அகலமான புதுப் பாதை போடும் திட்டத்துக்கு 1940-ல் அவர்களது நாடாளுமன்றம் ஒப்புதல் கொடுத்தபோதே 'தான்கான் ரெஷ்ஷா', அதாவது துப்பாக்கிக் குண்டு வண்டி, என்ற பேச்சு வந்துவிட்டது. போரின் நடுவே வேலை நின்றது. தோண்டிப் பாதியில் விட்ட ஷின் தன்னா சுரங்கத்தைப் பிறகு 1964-ன் பாதைக்கே பயன்படுத்திக்கொண்டார்கள். இன்னொரு வேடிக்கை: அந்தச் சுரங்க வேலையாட்கள் தங்கியிருந்த இடத்துக்கு, கான்னாமி என்ற ஊரில், ஷின்கான்சென் என்றே பெயர். ரயில் வருவதற்கு முன்பே ஊர்ப்பெயர் வந்துவிட்டது! பட்டப்பெயர் வண்டிக்கு, ஷின்கான்சென் பாதைக்கு என்று அவர்கள் அப்போதே பிரித்துத்தான் பேசியிருக்கிறார்கள்.

என் பரிந்துரை: புதுப்பெருவழி.

பெருவழி நம்மிடம் கல்வெட்டிலேயே இருக்கிறது. கோவைப் பக்கம் ராஜகேசரிப் பெருவழி, தருமபுரிப் பக்கம் அதியமான் பெருவழி. ஊரையும் ஊரையும் இணைக்கும் சாதாரணப் பாதையை அப்படிச் சொல்ல மாட்டார்கள். நாட்டையும் நாட்டையும் இணைக்கும் தலையாய வழிக்குத்தான் அந்தப் பெயர். டோக்கைடோ என்பதும் ரயிலுக்கு முன்னால் அப்படியொரு பெருவழிதான். எடோவுக்கும் (இன்றைய டோக்கியோ) கியோட்டோவுக்கும் இடையே 53 தங்கல் ஊர்கள் கொண்ட கிழக்குக் கடலோர நடைவழி. அந்தப் பெயரைத்தான் முதலில் பழைய ரயில் பாதைக்கும், அப்புறம் புதிய பாதைக்கும் வைத்தார்கள்.

"அறுபது வருடம் ஆன பின்னும் புதியதா?" என்று ஒருவர் கேட்டிருந்தார். மதுரைப் புதுமண்டபம் திருமலை நாயக்கர் கட்டியது. இன்னும் புதுமண்டபம்தான்.

– திருச்சி

——

பொருள்: மறு: மறு: ஷின்கான்சென் – தமிழில் என்ன சொல்வது?

வணக்கம்.

திருச்சி ஐயாவின் மடல் நல்லது. ஆனாலும் எங்கள் பக்கம் 'கடுகதி' என்ற அருமையான சொல் ஏற்கனவே புழக்கத்தில் இருக்கிறது. கொழும்புக்கும் யாழ்ப்பாணத்துக்கும் ஓடுகிற நகர்சேர் கடுகதிப் புகையிரதத்தை எல்லாருக்கும் தெரியும். 'கடுகதித்தடம்' என்று வைத்தால் தடமும் வந்துவிடும், வேகமும் வந்துவிடும். வேகத்தை அறவே விட்டுவிட்டால் வாசகருக்கு இது என்னவென்றே விளங்காது. ஜப்பானியருடைய 1970-ஆம் ஆண்டுச் சட்டமே முதன்மையான பகுதிகளில் மணிக்கு 200 கிலோமீட்டரோ அதற்கு மேலோ ஓடக்கூடிய பெருந்தட ரயில்வே என்றுதானே ஷின்கான்சென்னை வரையறுக்கிறது? சட்டத்திலேயே வேகம் இருக்கும்போது நாங்கள் மட்டும் ஏன் அதை ஒளிக்க வேண்டும்?

– யாழ்ப்பாணம்

——

பொருள்: மறு: மறு: மறு: ஷின்கான்சென் – தமிழில் என்ன சொல்வது?

வணக்கம். ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில் சுருக்கமாகச் சொல்கிறேன்.

பாதை வேறு, வண்டி வேறு என்பது நம் ஆட்களுக்கு நன்றாகவே தெரியும். விழுப்புரத்துக்கும் திருச்சிக்கும் நடுவில் "வண்டி மெயின் லைனா, கார்டு லைனா?" என்று கேட்காத பயணி உண்டா? தஞ்சாவூர் வழியா, விருத்தாசலம் வழியா என்று அர்த்தம். ஓடுவது ஒரே மாதிரி வண்டிதான், பாதைக்குத் தனிப்பெயர். எனவே புதுப்பெருவழி மக்களுக்குப் புரியாது என்று யாரும் பயப்பட வேண்டாம். ஆனால் 'முதன்மைத்தடம்' என்று ஒருவர் எழுதியிருந்தாரே, அது சரிப்படாது. பழைய டோக்கைடோ பாதைக்கு 'டோக்கைடோ ஹோன்சென்' என்று பெயர். அதுதான் நம்ம மெயின் லைன். முதன்மைத்தடம் என்ற சொல்லை அதற்கே விட்டுவிடுங்கள்.

இன்னொன்று. பாதை, வண்டி இரண்டோடு முடியாது. மூன்று இருக்கிறது. டோக்கைடோ என்பது பாதை. நோசோமி என்பது சேவை. என்700எஸ் என்பது ரேக், அதாவது கோத்து ஓடும் பெட்டிகளின் தொகுதி. ஒரே ரேக் காலையில் நோசோமியாகப் போகும், சாயங்காலம் கொடாமா என்ற இன்னொரு சேவையாகத் திரும்பும். பத்திரிகைகளில் "நோசோமி என்ற நவீன ரயிலை ஜப்பான் தயாரித்துள்ளது" என்று எழுதுகிறார்கள். வைகை எக்ஸ்பிரஸைப் பெரம்பூரில் தயாரித்தார்கள் என்று சொன்னால் எப்படி இருக்கும்!

– விழுப்புரம்

——

பொருள்: மறு: மறு: மறு: மறு: ஷின்கான்சென் – தமிழில் என்ன சொல்வது?

நண்பர்களுக்கு,

விழுப்புரம் ஐயா சொன்ன மூன்றையும் அப்படியே எடுத்துக்கொள்கிறேன்: பாதை, சேவை, வண்டித்தொகுதி. ரேக் என்பதற்கு 'வண்டித்தொகுதி' போதும் என்று நினைக்கிறேன். பேச்சில் ரேக் இருக்கட்டும்.

முதலில் கடுகதி. சொல் அழகுதான், அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் இலங்கையில் அது எக்ஸ்பிரஸ் வண்டியைக் குறித்துப் பழகிவிட்டது. தமிழ்நாட்டில் அதே கதி 'விரைவு', 'அதிவிரைவு' இரண்டுக்கும். இந்திய ரயில்வேயில் அகலப்பாதையில் சராசரி 55 கிலோமீட்டர் வந்தாலே வண்டி சூப்பர்ஃபாஸ்ட், அதாவது அதிவிரைவு. சிங்கப்பூரில் 'பெருவிரைவு ரயில்' என்றால் நகருக்குள் ஓடும் எம்.ஆர்.டி. வேகத்தைச் சொல்லும் தமிழ்ச்சொற்களையெல்லாம் மூன்று நாடுகளும் ஏற்கனவே பங்கு போட்டுக்கொண்டுவிட்டன.

சட்டத்தில் வேகம் இருக்கிறது, உண்மை. ஆனால் அந்த வாக்கியம் முடிகிற சொல் பெருந்தட ரயில்வே என்பதைப் பாருங்கள். வேகம் அதற்கு அடை. டோக்கியோவிலிருந்து நரிதா விமான நிலையத்துக்குப் போகும் ஸ்கைலைனர் மணிக்கு 160 கிலோமீட்டர் வேகத்தில் ஓடுகிறது, பாதையின் அகலமும் 1435 மில்லிமீட்டர்தான். அதை யாரும் ஷின்கான்சென் என்பதில்லை. மறுபக்கம், ஷின்கான்சென் 1964-ல் 210-ல் தொடங்கியது, இன்று டோஹோக்குப் பாதையில் 320. நாளை சூவோ பாதை வந்தால் அது காந்தத்தில் மிதந்து ஓடும். அதன் சோதனை வண்டி 2015-லேயே 603-ஐத் தொட்டுவிட்டது. அதற்கும் பெயர் சூவோ ஷின்கான்சென்தான். தண்டவாளத்தில் உருளும் சக்கரமே இல்லாவிட்டாலும் பெருவழி பெருவழிதானே.

சேவைகளுக்கு வருவோம். இங்கேதான் நம் எழுத்தாளர்கள் அதிகம் சறுக்குகிறார்கள். நோசோமியை 'மிக விரைவு', ஹிக்காரியை 'விரைவு', கொடாமாவைச் 'சாதாரண வண்டி' என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. டோக்கைடோவில் மூன்றுமே ஒரே வகை வண்டித்தொகுதிதான். 16 பெட்டி, 1,323 இருக்கை. மூன்றுமே 285 வரை ஓடக்கூடியவை. வேறுபாடு நிறுத்தத்தில்தான் இருக்கிறது. நோசோமி டோக்கியோவுக்கும் ஷின் ஒசாகாவுக்கும் இடையே ஷினகாவா, ஷின் யோகோஹாமா, நாகோயா, கியோட்டோ ஆகிய நான்கில் மட்டும் நின்று, இரண்டரை மணி நேரத்துக்குள் போய்விடுகிறது. கொடாமா 17 நிலையங்களிலும் நிற்கும். நிற்பது மட்டுமா, பல இடங்களில் பக்கத் தடத்தில் ஒதுங்கி, பின்னால் வரும் நோசோமிக்கு வழிவிட்டுக் காத்திருக்கும். அதனால் கிட்டத்தட்ட நான்கு மணி நேரம். 1964-ல் ஹிக்காரி எடுத்துக்கொண்டதும் நான்கு மணி நேரம்தான் என்பது தனிக்கதை. நெரிசல் நேரத்தில் ஒரு திசையில் ஒரு மணி நேரத்துக்கு 12 நோசோமி வரை விட முடிகிறது என்றால், இந்த ஒதுங்கல் ஏற்பாடு அவ்வளவு துல்லியமாக நடப்பதால்தான்.

எனவே வேகச்சொல் வேண்டாம், நிறுத்தச்சொல் போதும். நம்ம பஸ் பலகையிலேயே 'இடைநில்லா' இருக்கிறது. நான் முன்வைப்பது: நோசோமி, டோஹோக்குப் பாதையின் ஹயபுசா போன்றவை 'சிலநிறுத்தச் சேவை', கொடாமா 'எல்லாநிறுத்தச் சேவை', ஹிக்காரி இரண்டுக்கும் நடுவில் கிடப்பதால் 'பலநிறுத்தச் சேவை'. யாரோ 'இடைநிறுத்தச் சேவை' என்று எழுதியிருந்தார்கள். தயவுசெய்து வேண்டாம். சேவையையே ரத்து செய்துவிட்டார்கள் என்று படிக்கிறவர் நினைத்துக்கொள்வார்.

பெயர்களை மொழிபெயர்க்கலாமா என்ற கேள்விக்கு என் பதில் கூடாது என்பதே. ஹிக்காரி ஒளி, கொடாமா எதிரொலி. ஒளி ஒலியை முந்தும் என்ற கணக்கில் 1964-ல் பெயர் வைத்தார்கள். 1992-ல் அதைவிட வேகமான சேவை வந்ததும், ஒளியை முந்துவதற்கு எதைத் தேடுவது? நோசோமி, நம்பிக்கை என்று வைத்துவிட்டார்கள். இந்த நயத்தை ஒருமுறை விளக்கிவிட்டு, பெயரை அப்படியே விடலாம். "நம்பிக்கை 14 நிமிடம் தாமதம்" என்று செய்தி எழுத முடியுமா? ராக்ஃபோர்ட்டை நாம் மலைக்கோட்டை ஆக்கினோமே என்று மடக்குவீர்கள். அது நம் ஊர் மலை.

கடைசியாக, எனக்கே பிடி கிடைக்காமல் இருந்த 'மினி ஷின்கான்சென்'. யமகாதாவுக்கு 1992-லும் அகிதாவுக்கு 1997-லும் ஜப்பானியர் புதுப்பாதை போடவில்லை. இருந்த குறுகிய பாதையையே 1435 மில்லிமீட்டராக அகலப்படுத்தினார்கள். மீட்டர்கேஜ் அகலப்பாதையான கதை தெரிந்த நமக்கு இது எளிதில் புரியும். அகிதாவுக்குப் போகும் கொமாச்சி வண்டி டோக்கியோவிலிருந்து ஹயபுசாவோடு கோத்துக்கொண்டு மொரியோகா வரை அதிகபட்சம் 320-ல் வரும். அங்கே கழன்று அகிதா பாதைக்குள் நுழைந்ததும் 130-க்கு மேல் போகாது. லெவல் கிராசிங்குகளையும் கடக்கும். பழைய பாதையின் சுரங்கங்களுக்குள் நுழைய வேண்டும் என்பதால் பெட்டியும் ஒடுக்கம், வரிசைக்கு ஐந்துக்குப் பதில் நான்கு இருக்கைதான். பெருவழி நிலையங்களில் நடைமேடைக்கும் பெட்டிக்கும் இடைவெளி விழுவதால் கதவுக்கு அடியிலிருந்து ஒரு படி வெளியே நீளும். சட்டப்படி அந்தப் பகுதி ஷின்கான்சென்னே இல்லை.

'குறும்பெருவழி' என்று போட்டுப் பார்த்தேன், சிரிப்பாக இருந்தது. 'ஒட்டுவழி' எப்படி? பெருவழியின் அடிமரத்தில் ஒட்டுக் கட்டிய வழி.

ஜப்பானியர் 'சாய்ராய்சென்' என்று சொல்லும் மற்ற பாதைகளுக்கு 'மரபுத்தடம்' வந்திருந்தது. மரபு என்றதும் நம் வாசகர் ஊட்டி மலை ரயிலுக்குப் போய்விடுவார். 'பழந்தடம்' என்றால் துருப்பிடித்துக் கிடப்பது போலத் தோன்றும். முன்பிருந்தே இருப்பது என்ற பொருளில் 'முன்னைத்தடம்' என்கிறேன்.

– திருச்சி

——

பொருள்: மறு: புதுப்பெருவழி

ஒட்டுவழி பிடித்திருக்கிறது. ஒரு கேள்வி. ஜப்பானில் ஹக்காட்டா நிலையத்திலிருந்து ஹக்காட்டா மினாமி நிலையத்துக்கு எட்டரை கிலோமீட்டர். பணிமனைக்குப் போகும் ஷின்கான்சென் வண்டிகளிலேயே 1990 முதல் பயணிகளை ஏற்றுகிறார்கள். அகலமும் அதே, வண்டியும் அதே. ஆனால் சட்டத்தில் அது சாய்ராய்சென். இது ஒட்டுவழியா, முன்னைத்தடமா? முன்னால் அங்கே எந்தத் தடமும் இல்லையே.

– சிங்கப்பூர்

——

பொருள்: மறு: மறு: புதுப்பெருவழி

சரியான இடத்தில் பிடித்தீர்கள். ஒட்டுவழி என்றே வைப்போம். பெருவழி வண்டி ஓடும், ஆனால் சட்டப்படி பெருவழி ஆகாத எந்தப் பாதையும் ஒட்டுவழி என்று வரையறையைக் கொஞ்சம் விரித்துவிட்டால் யமகாதா, அகிதா, ஹக்காட்டா மினாமி மூன்றும் அடங்கிவிடும்.

கட்டுரைகளில் முதல் இடத்தில் ஷின்கான்சென் என்றும், அடுத்த இடங்களில் புதுப்பெருவழி என்றும் எழுதலாம். மும்பை–அகமதாபாத் பாதையைப் பத்திரிகைகள் புல்லட் ரயில் என்றே எழுதும். அதோடு மல்லுக்கட்ட வேண்டாம். உலகப் பொதுவான வகைக்கு 'அதிவேக ரயில்' இருக்கட்டும்.

யாழ்ப்பாணம் நண்பர் கடுகதித்தடத்தை இன்னும் விடவில்லை என்று தனிமடலில் எழுதியிருக்கிறார். அவருடைய காரணங்களை இங்கேயே எழுதினால் எல்லாருமாகப் பேசலாம்.

– திருச்சி