மைக்கேல் டி லூகா: ஸ்டுடியோ எக்சிகியூட்டிவா, ரைட்டரா, புரொடியூசரா?

இன்டர்வெல்பிளாக்:
நேத்து நைட்டு தூக்கம் வராம ஜான் கார்பென்டரோட 'இன் தி மவுத் ஆஃப் மேட்னஸ்' பாத்தேன், காணாமப்போன பேய்க்கதை எழுத்தாளர தேடி இன்சூரன்ஸ் ஆளு ஒருத்தர் கெளம்பிப் போவாரே, சாம் நீல் நடிச்சது. டைட்டில்ல எழுதினவர் பேரு மைக்கேல் டி லூகான்னு இருந்துச்சு. எங்கயோ பாத்த பேரா இருக்கேன்னு தேடினா 'தி சோஷியல் நெட்வொர்க்' புரொடியூசர்னு வருது, வார்னர் பிரதர்ஸ்ல தலைவர்னு வருது, இதெல்லாம் ஒரே ஆளா?? ஸ்டுடியோல எந்தப் படம் எடுக்கலாம்னு முடிவு பண்ற எக்சிகியூட்டிவ் வேலைய விட்டுட்டு எழுத வந்தாரா, இல்ல எழுதிட்டிருந்தவர கூப்பிட்டு சீட்ல உக்கார வச்சாங்களா? தெரிஞ்சவங்க சொல்லுங்கப்பா.

பழையடிவிடி:
ஒரே ஆளுதான். எதையும் விட்டுட்டு வரல, ரெண்டையும் ஒரே நேரத்துல பண்ணிட்டிருந்தாரு. புரூக்ளின்காரர், நியூயார்க் யூனிவர்சிட்டில படிக்கிறப்பவே நியூ லைன்ங்கிற சினிமா கம்பெனில சம்பளம் இல்லாத இன்டர்னா நுழைஞ்சு, டிகிரிய முடிக்காம அங்கயே ஒட்டிக்கிட்டாரு. அப்ப நியூ லைன்னா ஃப்ரெடி க்ரூகர் பேய்ப்படத்த வச்சு பொழச்ச சின்ன கம்பெனி. 1991ல அந்த வரிசைல ஆறாவது படம் 'ஃப்ரெடிஸ் டெட்' வந்துச்சுல்ல, அதுக்கு திரைக்கதை இவர்தான். 1993ல புரொடக்‌ஷன் பிரசிடென்ட் ஆயிட்டாரு, வயசு 27! நீங்க பாத்த படத்தோட ஸ்கிரிப்ட் அதுக்கும் முன்னாடியே எழுதினது, கார்பென்டர் மொதல்ல வேணாம்னு சொல்லிட்டு அப்புறமா வந்து எடுத்தாரு. ரிலீஸ் பண்ணது யாரு? நியூ லைனேதான். எழுதினவரும் அவரே, ஆபீஸ் கதவுல பேரு தொங்குறதும் அவருதான் :)

கடைசிவரிசை:
அதான் எனக்கு இடிக்குது. தான் வேலை பாக்குற கம்பெனியோட பேய்ப்படத்துக்கு எழுதினா ரைட்டர் ஆயிடுவாரா? கார்பென்டர் படம் ஒண்ணு நல்லா இருக்கு, ஒத்துக்கறேன். ஆனா 1995 'ஜட்ஜ் ட்ரெட்' கதைலயும் இவருக்கு பங்கு இருக்கு, அத யாராச்சும் முழுசா உக்காந்து பாத்தீங்களா? அதுக்கு மேல 1996ல 'ஸ்டார் ட்ரெக் வாயேஜர்'ங்கிற விண்கப்பல் டிவி சீரியல்ல 'த்ரெஷோல்ட்'னு ஒரு எபிசோட், கதை டி லூகா. வார்ப் 10னு அந்தக் கதைல யாரும் தொட முடியாத உச்ச வேகத்துல போன பைலட் கொஞ்சம் கொஞ்சமா உருமாறி, கேப்டனையும் தூக்கிட்டுப் போயி ரெண்டு பேரும் பல்லி மாதிரி ஆயி, குட்டி வேற போடுவாங்க. சீரியஸா சொல்றேன். ட்ரெக் ரசிகர்கள் இன்னிக்கும் மோசமான எபிசோடுன்னா மொதல்ல இததான் இழுப்பாங்க. மேக்கப்புக்கு மட்டும் எம்மின்னு டிவி அவார்டு கெடச்சுச்சு, அது தனி காமெடி.

ஸ்க்ரிப்ட்பைத்தியம்:
கடைசிவரிசை சொல்றது சரிதான், ஆனா எழுதுறது எவ்ளோ கஷ்டம்னு தெரிஞ்ச ஆளு அந்த சீட்ல இருந்ததாலதான் மத்த ரைட்டர்களுக்கு நல்லது நடந்துச்சுன்னு நான் நெனைக்கிறேன். இவர் இருந்த காலத்துல நியூ லைன்ல வந்தத பாருங்க, 'செவன்', 'பூகி நைட்ஸ்', 'பிளேடு', 'ரஷ் ஹவர்'. 'செவன்' க்ளைமாக்ஸ மாத்தியே ஆகணும்னு புரொடியூசர் பக்கம் எவ்ளோ நெருக்கினாங்கன்னு எல்லாருக்கும் தெரியும், கடைசில க்ளைமாக்ஸ்ல வர்ற அந்தப் பெட்டி மாறாம அப்படியேதான் வந்துச்சு. டைரக்டர் பால் தாமஸ் ஆண்டர்சன் மொதல் படத்துல எடிட்டிங்க கம்பெனி புடுங்கிக்கிட்டு நொந்து போயிருந்த பையன், அவன நம்பி ரெண்டரை மணி நேர 'பூகி நைட்ஸ்'க்கு ஓகே சொன்னது இவரு. அந்த நன்றி இன்னும் ஓடுது, டி லூகா எம்ஜிஎம் ஸ்டுடியோவுக்குப் போனப்ப ஆண்டர்சனோட 'லிகரிஸ் பீட்ஸா' அங்க வந்துச்சு, வார்னர் போனதும் 2025ல 'ஒன் பேட்டில் ஆஃப்டர் அனதர்' அங்க.

சறுக்கலும் பெருசு. 2000ல 'லிட்டில் நிக்கி' கவுந்துச்சு, வாரன் பீட்டி நடிச்ச 'டவுன் அண்ட் கன்ட்ரி' இழுத்துக்கிட்டே போயி சுமார் 9 கோடி டாலர் முழுங்கிட்டு நின்னுச்சு. 2001 ஜனவரில ஆள வெளிய அனுப்பிட்டாங்க. கொடுமை என்னன்னா அதே வருஷம் டிசம்பர்ல நியூ லைனோட மொதல் 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' வருது. கூரை வேயுற வரைக்கும் இருந்துட்டு கிரகப்பிரவேசத்துக்கு இல்லாத கதை.

அப்புறம் டிரீம்வொர்க்ஸ் ஸ்டுடியோல 2004 வரைக்கும், அதுக்கப்புறம் கொலம்பியா ஸ்டுடியோவோட டீல் போட்டு சொந்தமா புரொடியூசர். இங்கதான் வித்தியாசத்த கவனிக்கணும். எக்சிகியூட்டிவ் மாசச் சம்பளக்காரர், படத்துக்கு ஓகே சொல்லுவாரு, இத மாத்து அத மாத்துன்னு நோட்ஸ் கொடுப்பாரு, அடுத்த படத்துக்குப் போயிடுவாரு. புரொடியூசர் ஒரு புத்தகத்த புடிச்சு, ரைட்டர புடிச்சு, டைரக்டர புடிச்சு, வருஷக்கணக்கா அத தூக்கிட்டு அலையணும், ஆனா சிறந்த படம்னு ஆஸ்கர்ல கூப்பிட்டா மேடை ஏறுறது அவர்தான். 'சோஷியல் நெட்வொர்க்', 'மணிபால்', 'கேப்டன் பிலிப்ஸ்'னு 3 தடவை நாமினேஷன், ஒண்ணும் கெடைக்கல.

பழையடிவிடி:
ஆஸ்கர் மேடைனதும் ஞாபகம் வருது, 2017ல கவர் மாறிப்போயி 'லா லா லேண்ட்'னு தப்பா படிச்சாங்களே, அந்த வருஷ விழாவோட புரொடியூசர்ல ஒருத்தர் இவரு. படிச்சது யாரு, ஃபே டன்அவே, பக்கத்துல வாரன் பீட்டி. 'டவுன் அண்ட் கன்ட்ரி' விட்ட குறை தொட்ட குறை போல.

இன்டர்வெல்பிளாக்:
ஹாஹா செம. அப்ப இப்ப வார்னர்ல இருக்காரே, நியூ லைன் 2008லயே வார்னருக்குள்ள போயிடுச்சுன்னா தன்ன வெளிய அனுப்பின கம்பெனிக்கே மேல உக்காந்திருக்காருன்னுதானே அர்த்தம்?

ஸ்க்ரிப்ட்பைத்தியம்:
அதேதான். 2022ல பமீலா ஆப்டிங்கிற இன்னொரு எக்சிகியூட்டிவோட சேந்து அங்க வந்தாரு. 2025 ஆரம்பத்துல ரெண்டு பேரையும் தூக்கப்போறாங்கன்னு பேப்பர் பூரா எழுதினாங்க, ஏப்ரல்ல 'மைன்கிராஃப்ட்' படம், ரெண்டே வாரத்துல 'சின்னர்ஸ்', அப்படியே பேச்சு அடங்கிடுச்சு. சின்னர்ஸ்ல டைரக்டர் ரையன் கூக்ளருக்கு 25 வருஷம் கழிச்சு படத்தோட உரிமையே திரும்பக் கெடைக்கிற மாதிரி ஒப்பந்தம் போட்டிருக்காங்க, மத்த ஸ்டுடியோக்காரங்க வயிறு எரிஞ்சாங்க.

கடைசிவரிசை:
எல்லாம் சரி, எக்சிகியூட்டிவா பத்துக்கு ஒம்போது போடறேன். ரைட்டரா மார்க் போடணும்னா அந்தப் பல்லி எபிசோட ஒருவாட்டி பாத்துட்டு வாங்க, சாப்பிடறதுக்கு முன்னாடி வேணாம்.