ஜப்பானிய ஹைக்கூ கவிஞர் பாஷோவின் கவிதைகளைப் படமாக்கியவர்களே, உங்கள் அனுபவம்?

செண்டாய்வாசி:
யாமாதேரா மலைக்கோயிலில் பாஷோ எழுதிய சில்வண்டுக் கவிதைதான். பாறைக்குள் ஊறிப்போகும் அந்தக் குரலைக் குறும்படத்துக்காக ஆகஸ்டில் ஒலிப்பதிவு செய்துகொண்டிருந்தோம். கற்படியில் உட்கார்ந்திருந்த உள்ளூர்ப் பெரியவர் ஹெட்ஃபோனை வாங்கிக் கேட்டார். "இது அபுராசெமி. பாஷோ கேட்டது நீநீசெமி" என்றார். இரண்டும் சில்வண்டு வகைகள். பாஷோ அங்கே வந்தது 1689 ஜூலை 13. அபுராசெமி பெருகுவது அதற்குப் பிறகுதானே! கவிஞர் சாய்தோ மொகிச்சியே முதலில் அபுராசெமி என்று வாதாடி, பிறகு நீநீசெமிதான் என்று ஏற்றுக்கொண்டார். அபுராசெமி எண்ணெய்ச் சட்டி போலப் பொரியும். நீநீசெமியின் மெல்லிய, அறுபடாத ஒலிதான் கல்லுக்குள் இறங்கும். "யாருக்குத் தெரியப்போகிறது?" என்றார் இயக்குநர். அதே ஒலியோடு படம் வெளிவந்தது. எனக்கு இன்னும் ஆறவில்லை.

மழைக்கால்:
இயக்குநர் சொன்னது சரி. பாஷோவோடு பயணம் செய்த சோராவின் குறிப்பில் இருக்கும் முதல் வடிவத்தில், இப்போது அந்தச் சில்வண்டுக் கவிதையைத் தொடங்கும் 'அமைதி' என்ற சொல்லே கிடையாது. பிறகு திருத்தித் திருத்தித்தான் அது வந்தது. பாஷோ நடந்ததை நடந்தபடி எழுதியவர் அல்ல. சாதோ தீவின் மேல் பால்வீதி கிடக்கும் கவிதைக்காக, அந்தத் தீவுக்கு எதிர்க்கரையில் இருக்கும் இசுமோசாகி போனேன். இரவெல்லாம் மழை. பாஷோ தங்கிய இரவும் மழை என்றுதான் சோரா எழுதியிருக்கிறார்! கறுத்த கடலை மட்டும் எடுத்து, மழைச் சத்தத்தின் மேல் கவிதையை வைத்தேன். திரையிடலில் ஒருவர் எழுந்து, "நட்சத்திரம் எங்கே?" என்று கோபமாகக் கேட்டார். அவருக்கு என்ன பதில் சொல்லியிருக்க வேண்டும் என்று இப்போதும் யோசிக்கிறேன்.

எடிட்டிங் மேசை:
மழைக்கால், கவிஞர் திருத்தினார் என்பதற்காக ஒலிப்பதிவாளர் எதையும் வைக்கலாம் என்றாகாது. செண்டாய்வாசி பக்கம்தான் நான்.

ஹிராய்சுமியில் பாஷோ பாடிய கோடைப் புல்லை எடுக்கப் போனேன், ஒரு இலைகூட அசையவில்லை. என் கதை அவ்வளவுதான். புதிதாக எடுப்பவர்களுக்குச் சில விஷயம் சொல்கிறேன். கவிதையை ஷாட்டுக்கு முன்னால் போடாதீர்கள். பார்ப்பவர் முதலில் பார்க்கட்டும், அப்புறம் படிக்கட்டும். வாய்ஸ் ஓவர், புல்லாங்குழல் இரண்டும் வேண்டாம். இந்தக் கவிதைகள் வரும் பாஷோவின் பயண நூலான 'ஓகு நோ ஹொசொமிச்சி'யில் உரைநடை நடந்து நடந்துதான் கவிதைக்கு வந்து சேரும். நடக்கும் காட்சிகளை வெட்டிவிட்டால் கவிதை அந்தரத்தில் தொங்கும். கிசாகாதா போகிறவர்கள் கவனியுங்கள். 1804 நிலநடுக்கத்தில் தரை உயர்ந்து அங்கிருந்த காயல் வறண்டுவிட்டது, பாஷோ பார்த்த தீவுகள் இன்று வயல் நடுவே மேடுகள். மே மாதம் நடவுக்காக வயலில் தண்ணீர் கட்டும்போது போங்கள், மேடுகள் மறுபடி தீவுகள் போலத் தெரியும்.