கிரகணப் பாம்பைப் பிள்ளைகளுக்குச் சொல்லலாமா, கூடாதா?

மொட்டைமாடி டீச்சர்:
2025 செப்டம்பர் 7, ஞாயிறு ராத்திரி சந்திர கிரகணம் பார்க்கத் தெருப்பிள்ளைகளை எங்கள் மாடிக்குக் கூட்டி வந்தேன். மேகம் விட்டுவிட்டு வந்தாலும் காட்சி கிடைத்தது. பத்து மணி வாக்கில் நிலாவின் ஓரம் கறுத்தது. பதினொன்றுக்கு முழு நிலாவும் துலக்காத செப்புக்குடம் மாதிரி ஆகிவிட்டது. பாயில் படுத்திருந்த இரண்டாம் வகுப்புப் பையன் ஒருவன், "மிஸ், பாம்பு எப்ப துப்பும்?" என்று கேட்டான். பாட்டி சொல்லி அனுப்பிய கதை. "12:22க்குத் துப்ப ஆரம்பிக்கும்" என்றேன். அதுவரை ஒரு பிள்ளையும் தூங்கவில்லை. கூட வந்த அறிவியல் ஆசிரியர், பொய் சொல்லிக் கொடுக்கிறேன் என்று கோபித்துக்கொண்டார். நான் செய்தது தப்பா?

நிழல்கணக்கு:
தப்புதான் டீச்சர். அன்றைக்கு நிலாவின் மேல் ஒரு கறுப்பு விளிம்பு வளைந்து ஊர்ந்ததே, அது நம் பூமியின் நிழல் விளிம்பு. நாம் நிற்கிற பூமி உருண்டை என்பதை நிலாவையே திரையாக்கி வானம் காட்டுகிறது. அதைப் பாம்பின் வாய் என்று சொல்லிவிட்டால் பையன் எதைப் பார்த்தான்? கி.பி. 499லேயே ஆரியபட்டர் எழுதிவிட்டார்: சந்திரன் சூரியனை மறைக்கிறது, பூமியின் பெரிய நிழல் சந்திரனை மறைக்கிறது. இத்தனை நூற்றாண்டு கழித்து நாம் ஏன் பின்னால் போக வேண்டும்?

பஞ்சாங்க வீட்டுப் பிள்ளை:
ஐயா, நிழல் என்று சொன்னதும் பிள்ளைகள் அடுத்துக் கேட்கிற கேள்வி என்ன? "அப்படியானால் ஒவ்வொரு பௌர்ணமிக்கும் ஏன் கிரகணம் வரவில்லை?" நிழல் மட்டும் இதற்குப் பதில் சொல்லாது. பாம்பு சொல்லும்.

சந்திரனின் பாதை, சூரியன் போவதாகத் தெரிகிற பாதைக்கு ஏறக்குறைய 5 பாகை சாய்ந்திருக்கிறது. இரண்டும் வெட்டிக்கொள்வது எதிரெதிரான இரண்டே இடங்களில். அவைதான் ராகு, கேது. பௌர்ணமியோ அமாவாசையோ அந்த இடங்களுக்குப் பக்கத்தில் விழுந்தால்தான் கிரகணம். அதாவது பாம்பு படுத்திருக்கும் இடத்துக்குச் சந்திரன் போக வேண்டும். அந்த இடமும் நிலையாக இல்லை. பின்னோக்கி நகர்ந்து 18.6 ஆண்டில் ஒரு சுற்று முடிக்கிறது. எந்தப் பஞ்சாங்கத்தைத் திறந்தாலும் ராகுவுக்கு நேர் எதிரே, ஏழாம் இடத்தில்தான் கேது. ஒரே பாம்பின் தலையும் உடலும் என்று பெரியவர்கள் சொன்னது இதைத்தான். சந்திரன் ஒரு வெட்டுப்புள்ளியிலிருந்து கிளம்பி மறுபடி அதற்கே வரும் 27.2 நாளை இன்றைய வானியலாளர்களும் 'டிராகோனிக்' மாதம் என்றே அழைக்கிறார்கள், டிராகன் பேரால். அவர்களும் பாம்பை விடவில்லை.

அப்புறம், வள்ளுவர். "கண்டது மன்னும் ஒருநாள் அலர்மன்னும் / திங்களைப் பாம்புகொண் டற்று." காதலர் சந்தித்தது ஒரே நாள், பேச்சு மட்டும் ஊர் முழுக்க. கிரகணத்தை ஊரே அண்ணாந்து பார்க்கும் என்பது தெரிந்தால்தான் இந்தக் குறள் உறைக்கும். பாம்பை எடுத்துவிட்டு இதை எப்படி நடத்துவீர்கள்?

நிழல்கணக்கு:
பௌர்ணமிக் கேள்வி நியாயமானது, ஏற்கிறேன். வெட்டுப்புள்ளியைப் பிள்ளைகளுக்கு நான் சொல்வதே இல்லை, இனிச் சொல்வேன். ஆனால் நீங்கள் காட்டியது ஓர் இடம். பையன் கேட்டது ஓர் உயிர். இடத்துக்குக் கோபம் கிடையாது, பகை கிடையாது. பாம்புக்கு உண்டு. கோபம் என்று வந்துவிட்டால் உடனே பரிகாரமும் வந்துவிடும். ஏழாம் நூற்றாண்டு வானியலாளர் பிரம்மகுப்தரையே பாருங்கள். நிழலைக் கணக்குப் போடத் தெரிந்தவர், ஆனாலும் ராகுவை மறுத்தவர்களைக் கண்டித்து எழுதினார். கணக்கு தெரிந்தும் ஏன் இப்படி என்று, பிறகு இந்தியாவைப் பற்றி எழுதிய அறிஞர் அல்பிரூனி வருத்தப்பட்டார். அவ்வளவு பெரிய மேதைக்கே இந்தப் பாம்பை உதற முடியவில்லை, இரண்டாம் வகுப்புப் பையன் என்ன செய்வான்?

திண்டுக்கல் மருமகள்:
நான் பாம்புக் கதைக்கு எதிர்ப்பக்கம். 2019 டிசம்பர் 26ஆம் தேதி கங்கண சூரிய கிரகணம் எங்கள் ஊருக்கு நேர் மேலே வந்தது. நான் அப்போது ஏழு மாதம். காலை எட்டு மணிக்கு என்னை உள்ளறையில் உட்காரவைத்து, ஜன்னலில் போர்வையைத் தொங்கவிட்டார்கள். பதினொன்றே காலுக்குத்தான் கதவு திறந்தது. அதுவரை ஒரு வாய் தண்ணீர் தரவில்லை. "பாம்பு பிடிச்சிருக்கிற நேரம், பிள்ளைக்கு ஆகாது" என்றார்கள். முற்றத்தில் தாம்பாளத்தில் உலக்கையை நிறுத்தி வைத்து, நிற்கிறது பார் என்று கத்தியது கேட்டது. அடி தட்டையான உலக்கை எந்த நாளிலும் நிற்கும். மறுவாரம் நானே நிறுத்திப் பார்த்தேன், நின்றது. நெருப்பு வளையத்தைத் தெருவே கண்ணாடி போட்டுப் பார்த்தது. நான் மட்டும் பார்க்கவில்லை.

பஞ்சாங்க வீட்டுப் பிள்ளை:
படிக்கவே கஷ்டமாக இருக்கிறது சகோதரி. ஏழு மாதத்தில் தண்ணீர் தராமல் இருந்தது கொடுமை, அதற்கு நான் எந்தச் சாக்கும் சொல்ல மாட்டேன். ஆனால் பழைய பாட்டில் பாம்பு பயமுறுத்தவில்லை. குறுந்தொகையில் "அரவு நுங்கு மதியினுக்கு இவணோர் போல" என்று ஒருத்தி சொல்கிறாள். பாம்பு விழுங்கும் நிலவை இங்கிருப்பவர்களால் மீட்க முடியாதது போல, என் துன்பத்தையும் யாராலும் களைய முடியாது என்கிறாள். நிலாவுக்காக மனசு அடித்துக்கொள்கிறது. யாரையும் அறையில் அடைக்கவில்லை.

திண்டுக்கல் மருமகள்:
பாட்டு அழகாகத்தான் இருக்கிறது அண்ணா. ஆனால் என் வீட்டில் அந்தப் பாட்டைச் சொல்லிக் கதவை அடைக்கவில்லை, பாம்பைச் சொல்லித்தான் அடைத்தார்கள். என் மகள் பாட்டைப் பெரியவளானதும் படிக்கட்டும். இப்போது அவளுக்கு ஐந்து வயது, நிழல் போதும்.

மொட்டைமாடி டீச்சர்:
இரண்டு பக்கமும் படித்தேன். அந்தப் பையனிடம் "துப்பும்" என்று சொன்னதோடு நிறுத்தியது என் குறை. நேற்று அவனைக் கூப்பிட்டு மேஜை விளக்கு, பந்து, எலுமிச்சம்பழம் வைத்துக் காட்டினேன். பந்தின் நிழலுக்குக் கொஞ்சம் மேலே பழத்தைத் தூக்கிப் பிடித்து, "இப்ப பாம்பு இங்க இல்ல" என்று அவனே சொன்னான். பாம்பு என்ற சொல்லை அவன் வாயிலிருந்து பிடுங்க எனக்கு மனம் வரவில்லை.

2026 மார்ச் 3ஆம் தேதி மாலை அடுத்த சந்திர கிரகணம். நிலா கிழக்கே எழும்போதே ஓரம் மறைந்தபடி எழும், 6:47க்கு முழுதாக விடுபடும். எங்கள் மாடிக்குக் கிழக்கே புளியமரம் மறைக்கிறது, குளத்துக்கரைக்குப் போகலாம் என்றிருக்கிறோம். திண்டுக்கல் தங்கச்சி, முடிந்தால் மகளைக் கூட்டிக்கொண்டு வாருங்கள்.